சாகிற துரை, பேசுகிற துரை

1. முதல் நாளே சாவு

நான் நடிக்கப் போன முதல் நாள், காலை டிபனுக்கும் பத்து மணி டீக்கும் நடுவில் என்னைச் சுட்டுக் கொன்றுவிட்டார்கள். கன்னடப் படம். தேன்கனிக்கோட்டை ரோட்டில் ஒரு யூகலிப்டஸ் தோப்பு. எனக்குச் சிவப்புக் கோட்டு, முழங்கால் வரை பூட்ஸ், கையில் மரத்துப்பாக்கி. ஹீரோ மரத்திலிருந்து குதித்துச் சுட்டதும் நான் விழ வேண்டும். விழுந்தேன். விழுந்த இடத்தில் கட்டெறும்புப் புற்று. செத்தவன் எழுந்து ஓடினேன். டைரக்டர் மைக்கில் கன்னடத்தில் திட்டினார். ஓசூரில் குடியிருக்கிறவனுக்குக் கன்னடம் புரியாமல் இருக்குமா? ஒரு வார்த்தை விடாமல் புரிந்தது.

இரண்டாவது டேக்கில் எறும்பு கடிக்கக் கடிக்கச் செத்தேன். "சூப்பர் சார், நிஜமா துடிச்சீங்க" என்று அசிஸ்டென்ட் டைரக்டர் கைகொடுத்தார். என் கலை வாழ்க்கை இப்படித்தான் தொடங்கியது.

ஷாப் ஃப்ளோரில் இருக்கும் தம்பிகள் பலர், "அண்ணே, நீங்க சினிமால துரையா நடிச்சீங்களாமே" என்று கேட்டுக்கொண்டே இருப்பதால் இதை எழுதுகிறேன். என் பெயர் கோவிந்தசாமி. சொந்த ஊர் ஊத்தங்கரைப் பக்கம் சிங்காரப்பேட்டை. ஓசூரில் கியர் செய்யும் கம்பெனி ஒன்றில் மெயின்டனன்ஸ் ஃபிட்டராக இருந்து ரிட்டயர் ஆனவன். குடியிருப்பது மத்திகிரியில். என் தகப்பனார் கறுப்பு, தாயார் அதைவிடக் கறுப்பு. நானும் முப்பது வயது வரை நல்ல கறுப்புதான்.

அதற்குப் பிறகு உதட்டோரத்தில் ஒரு வெள்ளைப் புள்ளி வந்தது. அப்புறம் விரல் நுனி, அப்புறம் கழுத்து. சில வருஷத்தில் தலை முதல் கால் வரை வெளுத்துப் போனேன். "இது வெண்புள்ளி. யாருக்கும் ஒட்டாது, உடம்புக்கு ஒண்ணும் பண்ணாது" என்றார் டாக்டர். அவர் சொன்னது எனக்குக் கேட்டது, ஊருக்குக் கேட்கவில்லை. கல்யாணப் பந்தியில் நான் உட்கார்ந்தால் பக்கத்து இலை காலியாகும். என் பெரியப்பா மகன் மாணிக்கம் அண்ணன் மட்டும் கொஞ்சம் நாகரிகம் பார்ப்பார். "எனக்கு ஃபேனுக்கு அடியில ஒக்காந்தாத்தான்டா சோறு எறங்கும்" என்று சொல்லிவிட்டு எழுந்து போவார். மண்டபத்தில் கரண்ட் போய் அரை மணி நேரம் ஆகியிருக்கும்.

இந்தத் தோலைப் பார்த்து எழுந்து போகாமல் என்னை நோக்கி ஓடி வந்த முதல் ஆள் நாகராஜ். பெங்களூர் படங்களுக்கு ஆள், குதிரை, மாட்டுவண்டி எல்லாம் பிடித்துக் கொடுக்கும் ஏஜென்ட். ஓசூர் பஸ் ஸ்டாண்டில் டவுன் பஸ்ஸுக்கு நின்றிருந்தேன். ஓடி வந்து, "சார், விச் கன்ட்ரி?" என்றார்.

"சிங்காரப்பேட்டை" என்றேன்.

ஆசாமி ஒரு நிமிஷம் என்னை மேலும் கீழும் பார்த்தார். "அய்யோ தேவரே! நீவு நம்ம ஊரா? இன்னும் ஒள்ளேதாச்சு! நாளைக்குப் பர்ரீங்களா? பந்து நில்லி, குண்டு படும், சாயி. அஷ்டே!" நம்ம ஊராக இருப்பது இன்னும் நல்லதாம். வந்து நிற்க வேண்டும், குண்டு பட வேண்டும், சாக வேண்டும், அவ்வளவுதான். பிறகு பல வருஷம் அந்த 'அஷ்டே'தான் என் பிழைப்பின் இன்னொரு பாதியாக இருந்தது.

2. கண் கறுப்பு

இரண்டாயிரத்துக்கு அப்புறம் சுதந்திரப் போராட்டக் கதைகளுக்கு ஒரு மவுசு வந்தது. கன்னடம், தெலுங்கு, தமிழ் என்று மூன்று மொழியிலும் செத்தேன். குதிரையிலிருந்து விழுந்து, கிணற்றில் தள்ளப்பட்டு, வைக்கோல் போரில் எரிந்து. ஒரு தெலுங்குப் படத்தில் காலையில் ஒரு துரையாகச் செத்து, மீசையை எடுத்துவிட்டு மத்தியானம் இன்னொரு துரையாகச் செத்தேன். ஷிப்ட் மாற்றிக்கொள்ள சூப்பர்வைசரிடம் போய் நிற்கும்போதெல்லாம், "என்னய்யா கோவிந்தசாமி, இந்த வாரம் யாரு கையால சாவு?" என்பார்.

சாவதில் தேர்ந்துவிட்டேன். வாயைத்தான் திறக்க விடவில்லை. காரணம் என் கண். தோல் வெளுத்தாலும் கண் நம்ம ஊர்க் கண்தான், நாவல்பழம் போலக் கறுப்பு. கேமரா கிட்டே வந்தால் குட்டு வெளிப்பட்டுவிடும். வசனம் பேசுகிறவனுக்கு குளோசப் வைத்தே ஆக வேண்டும். அதனால் எனக்கு எப்போதும் தூரத்துச் சாவு, தொப்பி போட்ட சாவு, குப்புற விழுந்த சாவு.

எனக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. ஒரு படத்திலாவது வாயைத் திறந்து பேச வேண்டும். ஊரில் என் தோலைப் பார்த்தார்கள், சினிமாவிலும் தோலைத்தான் பார்த்தார்கள். ஒன்றில் விரட்டினார்கள், ஒன்றில் கூப்பிட்டார்கள், வித்தியாசம் அவ்வளவுதான். உள்ளே ஒரு ஆள் இருக்கிறான் என்று யாருக்காவது தெரிய வேண்டாமா?

அப்படி இருக்கும்போது ஒரு தமிழ்ப் படம் வந்தது. ராயக்கோட்டை மலையடிவாரத்தில் ஷூட்டிங். கலெக்டர் துரை வேஷம். நாற்காலியில் உட்கார்ந்து ஒரு பக்க வசனம் பேச வேண்டும். டைரக்டர் மெட்ராஸ்காரர், சின்ன வயது. "கண்ணுக்கு நீலக் கலர்ல லென்ஸ் மாட்டிக்கலாம், நீங்களே பேசுங்க" என்றார். அந்த வசனத்தை மெஷினுக்கு எண்ணெய் விடும்போது சொன்னேன், குளிக்கும்போது சொன்னேன். சோற்றைப் போட்டுவிட்டு எதிரில் உட்கார்ந்த என் வீட்டுக்காரியிடம், "எளுந்திரு மேன்! என் முன்னாலே உட்கார உனக்கு என்ன தைரியம்?" என்றேன். "நான் ஏந்துட்டா கொழம்பு ஊத்த யாரு வருவா, உங்க ராணியா?" என்று கேட்டாள்.

பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது எல்லோரிடமும் சொல்லி வைத்தேன், இந்தப் படத்தில் பேசுகிறேன் என்று. "பாக்கலாம், பாக்கலாம்" என்றார் மாணிக்கம் அண்ணன், நாலடி தள்ளி நின்றுகொண்டு.

3. கென் சாரும் பைப்பும்

அதே சமயம் எங்கள் கம்பெனிக்கு இங்கிலாந்திலிருந்து ஒரு கிரைண்டிங் மெஷின் வந்து இறங்கியது. அதைப் பொருத்தி ஓட்டிக் கொடுக்க கென் என்று ஒரு எஞ்சினியர் வந்தார். நிஜ வெள்ளைக்காரர். அவருக்கு உதவியாக என்னைப் போட்டார்கள். முதல் நாள் என்னைப் பார்த்ததும் அவர் முகம் மலர்ந்தது. எந்த ஊர் என்று கேட்டார். மத்திகிரி என்றேன். பாவம், அது ஸ்காட்லாந்துப் பக்கமா என்று யோசித்திருப்பார் போல.

தங்கமான மனுஷர். கிளீனர் பெண் தண்ணீர் கொண்டு வந்தால்கூட எழுந்து நின்று தேங்க்யூ சொல்வார். அவருக்குக் கோபம் வந்து நான் பார்த்தது ஒரே ஒரு விஷயத்துக்குத்தான். நம் ஆட்கள் போல்ட் இறுக்கும்போது ஸ்பேனர் வாலில் ஒரு ஜிஐ இரும்புப் பைப்பை மாட்டி, இரண்டு பேர் தொங்கி, பல்லைக் கடித்துக்கொண்டு முறுக்குவார்கள். நமக்கு அதுதான் பலம், அதுதான் திருப்தி. கென் சாருக்கு அது கொலைக் குற்றம், அளவுக்கு மீறி இறுக்கினால் போல்ட் அறுந்துவிடும் என்பார். ஃபவுண்டேஷன் போல்ட்டுக்கு ஒருவன் பைப் மாட்டியதைப் பார்த்து அவர் போட்ட சத்தத்தில் பக்கத்து ஷெட்டில் பிரஸ் நின்றது. கழுத்து நரம்பு புடைத்து, முகம் தக்காளி நிறமாகி, இரண்டு கையும் ஆட, ஆளே வேறாகிவிட்டார். அடுத்த நிமிஷமே "சாரி" என்றார்.

ஷூட்டிங் ஞாயிற்றுக்கிழமை. சனிக்கிழமை பர்சனல் மேனேஜர் கூப்பிட்டார். "கோவிந்தசாமி, நாளைக்கு ராயக்கோட்டை போறியாமே? அந்த மனுஷனையும் கூட்டிட்டுப் போய்யா. கெஸ்ட் ஹவுஸ்ல ஒக்காந்து தயிர்ச்சோத்த மொறச்சுக்கிட்டே இருக்காரு, பாவமா இருக்கு. கோட்டையக் காட்டு, ஷூட்டிங்கக் காட்டு."

நானும் சரி என்றேன். துரை வேஷம் போடப் போகிற இடத்துக்கு நிஜ துரையைக் கையைப் பிடித்துக் கூட்டிப் போகிற புத்திசாலி உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

4. வரி கேட்ட விதம்

ராயக்கோட்டையில் காட்சி இதுதான். நாற்காலி போட்டு நான் உட்கார்ந்திருக்கிறேன். என் முன்னால் வரி கட்டாத விவசாயிகள் கை கட்டப்பட்டு வெயிலில் முட்டி போட்டிருக்கிறார்கள். ஊர்ப் பெரியவர் வந்து, கேட்காமல் கொள்ளாமல் என் எதிர் நாற்காலியில் உட்காருகிறார். நான் கர்ஜிக்க வேண்டும், அவர் எழுந்து பதில் சொல்ல வேண்டும்.

லென்ஸ் மாட்டினார்கள். மாட்டியதும் இரண்டு கண்ணிலிருந்தும் தண்ணீர் கொட்ட ஆரம்பித்தது. துடைக்கத் துடைக்க ஊற்றியது. "எளுந்திரு மேன்" என்று தேம்பிக்கொண்டே சொன்னேன். டேக்குக்கு மேல் டேக். ஃபிலிம் ரோல் ஓடிக்கொண்டே இருந்தது.

டைரக்டர் தொப்பியைக் கழற்றினார். "கோவிந்தசாமி, நீங்க வரி கேக்கறீங்களா, பிச்சை கேக்கறீங்களா?"

அப்போதுதான் அவர் பார்வை குடைக்கு அடியில் உட்கார்ந்து பிஸ்கட் தின்றுகொண்டிருந்த கென் சார் மேல் விழுந்தது. நீலக்கண். டைரக்டர் கண்ணில் தெரிந்த பிரகாசத்தை எங்கள் கம்பெனி ஓனர் புது மெஷினைப் பார்த்தபோது பார்த்திருக்கிறேன்.

நாகராஜ் என்னைத் தனியே கூட்டிப் போனார். "சார், பேஜார் மாட்கோபேடி, வருத்தப்படாதீங்க. அவருக்கு கண்ணு இருக்கு. உங்களுக்கு அடுத்த படத்துல நல்ல சாவா வாங்கித் தர்ரேன்."

கோட்டைக் கழற்றிக் கொடுத்தேன். எனக்கு அளவெடுத்துத் தைத்த கோட்டு. அவருக்குப் பற்றாமல் முதுகில் கத்தரியால் கிழித்து ஊக்கு குத்தினார்கள். "கோவிண்ட், ஆர் யூ ஷ்யூர்?" என்று கென் சார் கேட்டார். "நோ ப்ராப்ளம்" என்றேன். நம் ஷாப் ஃப்ளோரில் பெரிய ப்ராப்ளம் வந்தால்தான் நோ ப்ராப்ளம் என்று சொல்வோம் என்பது அவருக்குத் தெரியாது. ஊரெல்லாம் சொல்லி வைத்திருக்கிறேனே, இனி எந்த முகத்தோடு போவது என்று நினைத்து, குடைக்கு அடியில் போய் அவர் மிச்சம் வைத்த பிஸ்கட்டைத் தின்றேன்.

பாஷை தெரியாத நடிகர்களுக்கு எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. வசனத்துக்குப் பதிலாக ஒன், டூ, த்ரீ என்று எண்ணச் சொல்வார்கள். வாய் அசைந்தால் போதும், குரலைப் பிறகு டப்பிங்கில் சேர்த்துவிடுவார்கள். முகத்தில் மட்டும் பாவம் இருக்க வேண்டும். எதிரில் நடிப்பவருக்கு எங்கே பதில் சொல்வது என்று தெரிய வேண்டுமே, அதற்காகக் கேமராவுக்குப் பின்னால் நின்று நிஜ வசனத்தைச் சொல்லும் வேலை எனக்கு வந்தது. மனப்பாடமாக வைத்திருந்தவன் நான் ஒருவன்தான்.

ஆக்‌ஷன் என்றார்கள். ஊர்ப் பெரியவர் வந்து உட்கார்ந்தார். கென் சார் எழுந்து அவருக்குக் கைகொடுத்தார்.

"கட்! சார், யூ ஆங்ரி, வெரி ஆங்ரி!"

அடுத்த டேக்கில் "ஒன், டூ, த்ரீ, ஃபோர்" என்று நிதானமாக, மைக்ரோமீட்டரில் ரீடிங் பார்க்கிறவர் மாதிரி எண்ணினார். கட். அதற்கடுத்த டேக்கில் "ஒன், டூ, த்ரீ, ப்ளீஸ்" என்றார். முட்டி போட்டிருந்த விவசாயிகளில் ஒருவன் சிரித்துவிட்டான். கட். அவர்கள் எல்லாம் மார்க்கெட்டில் தக்காளிப் பெட்டி ஏற்றுகிற ஆட்கள். ஷாட் ஓகே ஆகும் வரை கட்டை அவிழ்க்கக் கூடாது என்று உத்தரவு. "அண்ணா, முட்டி போயிடுச்சுண்ணா. அந்த வெள்ளக்காரனுக்கு யாராவது கோவத்தக் கத்துக் குடுங்கண்ணா" என்று அதில் ஒருவன் என்னைப் பார்த்துக் கெஞ்சினான்.

எனக்கும் பசி. ஓகே ஆகாமல் சோற்று வண்டியைத் திறக்க மாட்டார்கள். கென் சாரும் வேர்த்து விறுவிறுத்து, எல்லோரிடமும் சாரி சாரி என்று சொல்லிக்கொண்டு பாவமாக நின்றார். நான் சும்மா இருந்தால், அவரால் முடியாது என்று டைரக்டர் ஒருவேளை என்னையே திரும்பக் கூப்பிட்டிருக்கலாம். அந்த யோசனையும் வந்தது. ஆனாலும் புது மெஷினை ஓட்டிப் பார்க்கும் கமிஷனிங் வேலையில் கூட நிற்கிற ஆள் திணறும்போது கையைக் கட்டிக்கொண்டு நிற்க என் கை பழகவில்லை.

ஜெனரேட்டர் வண்டி ஆபரேட்டரிடம் ஒரு ஸ்பேனரும் ஒரு முழ நீளப் பைப்பும் கேட்டு வாங்கினேன். ஜெனரேட்டர் கேமராவுக்குப் பின்னால், கென் சார் கண்ணுக்கு நேராக இருந்தது. ஆக்‌ஷன் என்றதும் ஸ்பேனரை ஜெனரேட்டரின் பேஸ் போல்ட்டில் மாட்டி, வாலில் பைப்பைச் சொருகி, ஆபரேட்டரையும் இழுத்துப் பிடித்துக்கொண்டு, பல்லைக் கடித்து முறுக்கினேன்.

கென் சார் பார்த்தார்.

"ஒன்! டூ! த்ரீ! ஃபோர்! ஃபைவ்!" கழுத்து நரம்பு புடைத்தது. "சிக்ஸ்! செவன்!" நாற்காலி பின்னால் விழுந்தது. எதிரில் இருந்த நடிகர் நிஜமாகவே பயந்து எழுந்துவிட்டார். விவசாயிகள் கட்டிய கையோடு கும்பிட்டார்கள். மரத்திலிருந்த காக்கை பறந்தது. நான் முறுக்கிக்கொண்டே நிஜ வசனத்தைக் கத்தினேன், அவர் எண்ணிக்கொண்டே கத்தினார்.

"ஓகே! பிரமாதம்!" என்று டைரக்டர் துள்ளினார். எல்லோரும் கை தட்டினார்கள். கென் சார் எதையும் கவனிக்காமல் நேராக வந்து ஜெனரேட்டர் போல்ட்டைத்தான் தொட்டுப் பார்த்தார். நான் இறுக்கவே இல்லை, சும்மா தொங்கிக்கொண்டுதான் இருந்தேன். புரிந்ததும் என் முதுகில் ஒன்று வைத்தார் பாருங்கள், இரண்டு நாள் வலித்தது.

5. கண்ணாடி அறை

சோறு சாப்பிடும்போது டைரக்டர் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "அவர் மூஞ்சி கிடைச்சிருச்சு. குரல் வேணும். வசனம் உங்களுக்குத்தான தண்ணி பட்ட பாடு? நீங்களே பேசிடுங்க."

முகம் அவருக்கு, வாய் எனக்கு. சந்தோஷப்படுவதா அழுவதா என்று தெரியவில்லை. லென்ஸைக் கழற்றியிருந்தும் கண்ணில் தண்ணீர் வந்தது.

பெங்களூரில் டப்பிங். கண்ணாடி அறைக்குள் மைக் முன்னால் நிற்க வைத்தார்கள். எதிரே திரையில் கென் சார் எண்ணிக்கொண்டிருந்தார். நான் "எளுந்திரு மேன்" என்றேன். சவுண்ட் எஞ்சினியர் தலையை ஆட்டினார். "சார், வார்த்தை வருது, கோவம் வரல."

திரும்பத் திரும்ப அதையே ஓட்டினார்கள். திரையில் அந்தப் பெரியவர் வந்து எதிரில் உட்காருகிறார், நான் சொன்னதும் எழுந்திருக்கிறார். உட்காருகிறார், எழுந்திருக்கிறார். பார்க்கப் பார்க்க எனக்குள் என்னவோ செய்தது. வாழ்நாள் முழுக்க நான் ஒரு வார்த்தை சொல்லாமலே என் பக்கத்திலிருந்து எத்தனை பேர் எழுந்து போயிருக்கிறார்கள்! மண்டபம், பஸ், டீக்கடை. எனக்கு வேண்டிய வசனம் உட்காரு என்பது. கடவுள் கொடுத்த வசனமோ எழுந்திரு. வாயைத் திறந்தேன். மேனும் இல்லை, துரைத் தமிழும் இல்லை.

"ஏந்திரிடா!"

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எஞ்சினியர் காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றினார். நான் பயந்துபோய், "தப்பா வந்துடுச்சு சார், எங்க ஊருப் பேச்சு, இன்னொருக்கா பேசறேன்" என்றேன்.

டைரக்டர் கையை உயர்த்தித் தடுத்தார். "தொடாதீங்க. அது அப்படியே இருக்கட்டும்."

6. ஊத்தங்கரை, முதல் ஆட்டம்

படம் ஊத்தங்கரைக்கு வந்தது. சிங்காரப்பேட்டையிலிருந்து இரண்டு டெம்போவில் ஏறி வந்துவிட்டார்கள், நான் பேசுவதைப் பார்க்க. முகம் என்னுடையது இல்லை என்று சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. பின் வரிசையில் வீட்டுக்காரியோடு உட்கார்ந்தேன். முன்னால் மாணிக்கம் அண்ணனும் பங்காளிகளும். வழக்கம்போல நடுவில் சில வரிசை காலி.

துரை வந்தார். திரை முழுக்க நீலக்கண்.

"எங்கடா நம்மாளு?"

"இது எவனோ அசலூருக்காரன்டா."

"பேசறேன் பேசறேன்னான், புளுகிட்டானா?"

நான் சீட்டில் சரிந்து உட்கார்ந்தேன். பக்கத்தில் என் வீட்டுக்காரி கையைப் பிடித்துக்கொண்டாள். எழுந்து போய்விடலாமா என்று நினைத்தேன். பெரியவர் வந்து துரைக்கு எதிரில் உட்கார்ந்தார். கென் சாரின் கழுத்து நரம்பு புடைத்தது. ஸ்பீக்கர் அதிர்ந்தது.

"ஏந்திரிடா!"

முன்வரிசையில் ஒரு தலை திரும்பியது. மாணிக்கம் அண்ணன். சீட்டு மேலேயே ஏறி நின்றுவிட்டார்.

"டேய்! நம்ம கோயிந்தன்டா! கோயிந்தன் கொரலுடா அது!"

விசில் பறந்தது. மிச்ச வசனம் யாருக்கும் கேட்கவில்லை. அதற்குப் பின் துரை வாயைத் திறந்தபோதெல்லாம் எங்கள் ஊரார் கூடவே கத்தினார்கள். சுதந்திரப் போராட்டப் படத்தில் வெள்ளைக்காரனுக்குக் கைதட்டிய ஒரே தியேட்டர் அதுவாகத்தான் இருக்கும். துரையைச் சுட்டபோது ஒருவன் ஹீரோவைக் கெட்ட வார்த்தையில் திட்டினான்.

படம் விட்டதும் எதிர்க் கடையில் டீ சொல்லிவிட்டு, தனியாகக் கிடந்த பெஞ்சில் உட்கார்ந்தேன். மாணிக்கம் அண்ணன் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். வந்தவர் நிற்கவில்லை. என் தோள் இடிக்க உட்கார்ந்தார்.

"ஏன்டா கோயிந்தா" என்றார், என் டீயை எடுத்து ஒரு வாய் குடித்துக்கொண்டே. "ஒடம்பு வெளுத்துப் போச்சு சரி. கொரலு மட்டும் வெளுக்கவே இல்லயேடா."

அத்தனை பேர் முன்னாலும் நான் விக்கி விக்கி அழுதேன். அவர் எழுந்திருக்கவில்லை. மிச்ச டீயையும் அவரே குடித்து முடித்தார்.

தம்பிகளுக்கு நான் சொல்வது இவ்வளவுதான். உங்கள் வேஷத்தை இன்னொருவனுக்குக் கொடுத்துவிட்டால், கோபித்துக்கொண்டு அடுத்த பஸ் ஏறிவிடாதீர்கள். அங்கேயே நில்லுங்கள், கையில் என்ன கிடைக்கிறதோ அதை எடுத்து ஒரு கை கொடுங்கள். ராயக்கோட்டையில் நான் பஸ் ஏறியிருந்தால் வாய் திறக்காத துரையாகவே செத்துக்கொண்டிருந்திருப்பேன். என் அண்ணனுக்கு என்னை அடையாளம் தெரியாமலே போயிருக்கும்.